எண்ணெய் குறைந்து வருகிறது

கரையோர எண்ணெய்ப் படிவுப் பாதிப்பு மீட்சி ஒருங்கிணைப்புச் செயலகம். இந்தப் பெயரை இடையில் மூச்சு வாங்காமல் சொல்லி முடிக்கக்கூடியவர்கள் புளியந்துறையில் இரண்டு பேர்தான். ஒருவன் நான். மற்றவர் அந்தோனியார் கோயில் மூப்பர். அவருக்கு மன்றாட்டுமாலை சொல்லிப் பழக்கம். மற்ற எல்லோருக்கும் அது எண்ணெய்க் கந்தோர்.

என் பெயர் நேசையா. அரச கந்தோர்களில் முப்பத்தொரு வருடம் எழுதுவினைஞனாக இருந்து ஓய்வு பெற்றவன். இப்போது புளியந்துறைக் கடற்றொழிலாளர் சங்கத்துக்குக் கடிதங்கள் எழுதிக் கொடுக்கிறேன். சம்பளம் இல்லை, கிழமையில் இரண்டு நாள் மீன் தந்தார்கள். எண்ணெய் வந்த பிறகு அவர்கள் தருவதுமில்லை, நான் கேட்பதுமில்லை.

எண்ணெய் வந்தது ஐந்து வருடத்துக்கு முன். வெளிக்கடலில் ஒரு கப்பல் உடைந்தது. அதன் பெயர் எங்களில் ஒருவருக்கும் வாயில் நுழையவில்லை. எந்த நாட்டுக் கப்பல் என்று கேட்டோம். சொந்தக்காரன் ஒரு நாடு, கொடி ஒரு நாடு, மாலுமிகள் ஒரு நாடு என்றார்கள். எண்ணெய் மட்டும் முழுவதும் எங்களுக்கு வந்து சேர்ந்தது.

அது வந்த வருடமே செயலகமும் வந்தது. யாழ்ப்பாண நகரத்தில் இரண்டு மாடி, கண்ணாடிக் கதவு, நாற்பத்தாறு உத்தியோகத்தர்கள். தலைமையில் ஒரு பணிப்பாளர், கலாநிதி சிவக்கொழுந்து. அவருடைய கலாநிதிப் பட்டம் புகையிலைச் செடியின் இலை சுருளும் நோய் பற்றியது. மனிதர் கெட்டிக்காரர்தான். சண்டிலிப்பாய்ப் பக்கத்துப் புகையிலைத் தோட்டக்காரர்கள் இன்றைக்கும் அவரை மரியாதையாகச் சொல்வார்கள். ஆனால் புகையிலை கடலில் முளைப்பதில்லை.

இந்தச் செயலகத்திடம் யாகப்புவுக்கு வேண்டியிருந்தது ஒரே ஒரு வரியில் ஒரு கடிதம். நிவாரணம் என்று அவர் வாய் திறக்கவில்லை. புது வலை கேட்கவில்லை. ஒரு வரி, ஒரு கையெழுத்து, ஒரு இறப்பர் முத்திரை. அதற்குத்தான் இரண்டு வருடம் நடந்தோம்.

யாகப்பு கரைவலைச் சம்மாட்டி, வலைக்கும் வள்ளத்துக்கும் சொந்தக்காரர். வள்ளத்தில் வலையை ஏற்றிப்போய்க் கடலை அரைவட்டமாக வளைத்துவிட்டு, இரண்டு பக்கக் கயிற்றையும் கரையில் நின்று இழுப்பது கரைவலை. வலையின் நடுவில் மீன் வந்து சேருகிற பைதான் மடி. நினைத்த இடத்தில் இழுக்க முடியாது. இங்கிருந்து இதுவரை இன்னாருடைய பாடு என்று அரசாங்கம் எழுதிக் கொடுக்கும். யாகப்புவின் பாடு கோயிலடியிலிருந்து தாழம்பற்றை வரை. அவரோடு பன்னிரண்டு பேர் இழுத்தார்கள். பதின்மூன்று வீட்டு அடுப்பு அந்தப் பாட்டில் எரிந்தது.

எண்ணெய் வந்த முதல் இரண்டு வருடமும் அவர் விடாமல் வலை வளைத்தார். வாடைக்காற்றுத் தொடங்கினால் மண்ணுக்குள் புதைந்து கிடந்த எண்ணெய்க் கட்டியெல்லாம் கிளம்பி மடிக்குள் ஏறிவிடும். வலையை மண்ணெண்ணெயில் கழுவுவார்கள். கழுவினால் நூல் இற்றுப்போகும். மீன் பட்டாலும் விற்க முடியாது. ஜெயசுதன் என்று ஒரு பொடியன், மோட்டார் சைக்கிளில் பெட்டி கட்டிச் சுன்னாகம், அளவெட்டி எல்லாம் கொண்டுபோய் விற்கிறவன், கடைசியில் கையெடுத்துக் கும்பிட்டுவிட்டான்.

"அண்ணை, சுன்னாகத்துச் சனம் கிணத்துத் தண்ணியிலையே எண்ணெய் மணந்து பாத்த சனம். நான் பெட்டியைத் திறக்க முன்னமே 'உது புளியந்துறை மீனோ'வெண்டு கேக்குது. என்னாலை ஏலாது."

அதோடு யாகப்பு வலையைச் சுருட்டிக் கரையோரக் கொட்டிலான வாடிக்குள் போட்டார். அங்கேதான் சட்டம் காத்துக்கொண்டிருந்தது. தொடர்ந்து இரண்டு வருடம் வலை வளைத்து மீன் விற்காத பாட்டின் அனுமதி தானாக இரத்தாகிவிடும். தகுந்த காரணம் இருந்தால், உரிய செயலகத்தின் கடிதத்தோடு மார்கழி முப்பத்தோராம் திகதிக்கு முன் விண்ணப்பிக்கலாம். தகுந்த காரணம் கரை முழுக்கக் கறுப்பாகக் கிடந்தது. கடிதம்தான் இல்லை.

முதலாவது தடவை நான் எழுதியபோது செயலகம் உடனே பதில் போட்டது. பணிப்பாளர் தலைமையில் ஒன்பது பேர் கொண்ட குழு நேரில் வந்து பார்வையிடும் என்றார்கள். எனக்குச் சந்தோசம். கண்ணால் கண்டபிறகு மறுக்க முடியாதே என்று நினைத்தேன். ஆனால் புளியந்துறைச் சனத்தைப் பற்றி நான் நினைக்க மறந்துபோனேன்.

குழு வருகிற அன்று காலையில் நான் போனால், கடற்கரை பளிச்சென்று கிடந்தது. அந்தோனியார் திருவிழாவுக்கு முன்னம் எப்படிச் செய்வார்களோ அப்படியே. குப்பைவாரியால் இழுத்து, கட்டியெல்லாம் பொறுக்கி, மேலே வெள்ளை மணல் தூவி, இரண்டு பக்கமும் தென்னோலைத் தோரணம். வீட்டுக்கு ஆள் வந்தாலே முற்றம் கூட்டுகிற சனம். கடற்கரைக்குப் பணிப்பாளர் வந்தால் சும்மா இருக்குமா?

"என்ன யாகப்பு இது?" என்றேன்.

"பெரிய ஆக்கள் வருகினமெல்லோ கிளாக்கரையா. உந்த ஊத்தைக்குள்ளாலை எப்பிடி அவையைக் கூட்டிக்கொண்டு போறது?"

"அவை வாறதே ஊத்தையைப் பாக்கத்தானே!"

அவருடைய மனைவி மக்டலீனுக்கு என் கோபம் விளங்கவில்லை. "பாக்கட்டும், ஆர் வேண்டாமெண்டது? வாடிக்குப் பின்னாலை பதினேழு சாக்கிலை கட்டி வைச்சிருக்கு. ஆறுதலா இருந்து பாக்கட்டும்" என்றார். இரண்டு நாளாகப் பெண்கள் எல்லோரும் குனிந்து பொறுக்கியிருக்கிறார்கள். கைகள் இன்னும் கறுப்பாகவே இருந்தன.

குழு வந்தது. பணிப்பாளர் மணலில் நின்று ஒரு பெரிய மூச்சு இழுத்தார். "என்ன வடிவான கடற்கரை!" என்றார். மற்ற எட்டுப் பேரும் அதைக் குறித்துக்கொண்டார்கள். நான் ஓடிப்போய்ச் சாக்குகளைப் பற்றிச் சொன்னேன்.

"நேசையா, நீங்கள் கந்தோரிலை இருந்த ஆள். உங்களுக்கு விளங்கும்" என்றார் அவர் அன்பாக. "எங்கடை பொறுப்புக் கடற்கரை. சாக்கு எங்கடை பொறுப்பில்லை. சாக்குக்குள்ளை இருக்கிறதைப் பாத்து நான் கடற்கரையைப் பற்றி அறிக்கை எழுதினால் அது விஞ்ஞானமோ?"

பிறகு சாப்பாடு. மக்டலீன் விளைமீன் குழம்பும் நண்டுக்கறியும் வைத்திருந்தார். பணிப்பாளர் கரண்டியைக் கையில் எடுத்து, மெதுவாகக் கேட்டார்.

"இந்த மீன் எங்கத்தையது?"

"வேறை துறையிலை வாங்கினது ஐயா. எங்கடை மீனை நாங்கள் விருந்துக்கு வைக்கிறேல்லை, மணக்கும்."

"நல்ல காலம்" என்று சொல்லி, இரண்டாம் தடவையும் போட்டுச் சாப்பிட்டார். இந்தக் கேள்வியையும் பதிலையும் அறிக்கையில் சேர்க்கலாமே என்று நான் கேட்டேன். மதிய போசனம் அறிக்கைக்குள் வராது என்றார்கள். மூன்று கிழமையில் அறிக்கை வந்தது: புளியந்துறைக் கரையில் எண்ணெய் காணப்படவில்லை; சனங்களின் விருந்தோம்பல் பாராட்டத்தக்கது.

ஒரு வருடம் அப்படிப் போனது. அடுத்த வாடைக்குக் கட்டிகள் மறுபடி கிளம்பியதும் யாகப்பு ஒரு சோடாப் போத்தலில் அள்ளிக்கொண்டு செயலகத்துக்குப் போனார். நானும் கூடப் போனேன். அங்கே எங்களுக்குக் கிடைத்தவர் தர்சினி என்ற அபிவிருத்தி உத்தியோகத்தர். நல்ல பிள்ளை. அந்தக் கட்டடத்தில் எங்களைக் கதிரையில் இருக்கச் சொன்ன ஒரே ஆள்.

"ஐயா, இதை நான் எடுக்க ஏலாது. எங்கடை உத்தியோகத்தர் வந்து எடுத்தால்தான் ஆய்வுக்கு மாதிரி. நீங்கள் கொண்டு வந்தால் அது உங்கடை எண்ணெய்."

"என்ரை எண்ணெயோ? நான் ஏன் பிள்ளை எண்ணெய் வைச்சிருக்கப் போறன்?"

"அதைத்தான் அவையும் கேப்பினம்."

உத்தியோகத்தர் எப்போது வருவார் என்று கேட்டோம். வாகனத்துக்கு டீசல் இல்லை என்றாள். எண்ணெயைப் பார்க்கவென்றே உண்டாக்கிய கந்தோரின் வாகனம் டீசல் இல்லாமல் மாமரத்தின் கீழ் நின்றது. மேலே காகம் கூடு கட்டியிருந்தது. அவர் வரும்வரைக்கும் பாதிக்கப்பட்டோர் படிவத்தை நிரப்பிவிடுவோம் என்று தர்சினி கணினியைத் திறந்தாள். பதினாலு பக்கம். ஆறாம் கேள்வி, எண்ணெய் வந்த திகதி. சொன்னோம். ஏழாம் கேள்வி, எண்ணெய் முடிந்த திகதி.

"முடியேல்லையே பிள்ளை" என்றார் யாகப்பு.

"முடிஞ்ச திகதி போடாட்டில் கொம்பியூட்டர் அடுத்த பக்கத்துக்குப் போகாது ஐயா."

"அப்ப அதை எண்ணெயிட்டைத்தான் கேக்கோணும்."

தர்சினி சிரித்தாள். பிறகு கதவுப் பக்கம் பார்த்துவிட்டுச் சிரிப்பை நிறுத்தினாள். கடைசியில் வருகிற வருடத்து உயிர்த்த ஞாயிறைப் போட்டோம். அன்றைக்கு முடியும் என்று நம்புவதில் தவறில்லை என்றார் யாகப்பு.

இருபத்திரண்டாம் கேள்வி வரை எல்லாம் ஒழுங்காகப் போனது. "எண்ணெயால் உங்களுக்கு நன்மைகள் ஏதேனும் கிடைத்தனவா?" யாகப்பு மாதம் தவறாமல் பாவசங்கீர்த்தனம் செய்கிற மனிதர். கேள்வி என்று ஒன்று வந்தால் உள்ளதைச் சொல்ல வேண்டும் என்பதைத் தவிர வேறு ஒன்றும் அவருக்குத் தெரியாது.

"ஓம் பிள்ளை. உந்தக் கட்டியளை உருக்கி வள்ளத்தின்ரை இடுக்குகளுக்குக் கீலாப் பூசினனான். நல்லாப் பிடிச்சுது. ஒரு சொட்டுத் தண்ணி உள்ளுக்கு வரேல்லை."

நான் மேசைக்குக் கீழே அவருடைய காலை மிதித்தேன். "ஏன் கிளாக்கரையா மிதிக்கிறியள்? உண்மைதானே?" என்றார். இரண்டு கிழமை கழித்துக் கடிதம் வந்தது. திரு. யாகப்பு பாதிக்கப்பட்டோர் பட்டியலிலிருந்து நீக்கப்பட்டு, பெற்றோலியப் பொருட்களை அனுமதியின்றிப் பயன்படுத்துவோர் பட்டியலில் சேர்க்கப்பட்டுள்ளார். அந்தப் பட்டியலிலிருந்து அவரை வெளியே எடுக்க எனக்கு ஐந்து மாதமும் பதினொரு கடிதமும் பிடித்தன. உயிர்த்த ஞாயிறு வந்தது, போனது. எண்ணெய் முடியவில்லை.

அதன் பிறகு ஒரு பயிற்சி. "கடற்றொழிலாளர்களுக்கான எண்ணெய் இனங்காணல் செயலமர்வு" என்று நகரத்து விடுதி ஒன்றின் குளிரூட்டிய மண்டபத்தில் வைத்தார்கள். நாலு வருடமாக எண்ணெயை வலையிலும் வள்ளத்திலும் காலிலும் கழுவிக் களைத்த முப்பது பேரை வரிசையாக இருத்தி, எண்ணெய் என்றால் என்ன என்று படம் போட்டுக் காட்டினார்கள். ஒரு போத்தலைக் கை மாற்றி மணந்து பார்க்கச் சொன்னார்கள். யாகப்பு மணந்து பார்த்தார். "இது ஓட்டோவிலையிருந்து வடிச்ச கழிவு ஒயில்" என்றார். பாதுகாப்புக் காரணங்களுக்காக உண்மையான எண்ணெயைப் பயன்படுத்தவில்லை என்று பயிற்றுநர் ஒத்துக்கொண்டார். முடிவில் பரீட்சை. யாகப்பு சித்தியடையவில்லை.

பணிப்பாளர் நிறைவுரை ஆற்றினார்.

"அன்பான கடற்றொழிலாளர்களே, எண்ணெயை எப்போதும் ஒரு இழப்பாகவே பார்க்கக் கூடாது. அந்த எண்ணெய் வந்திருக்காவிட்டால் நீங்களும் நானும் இந்த மண்டபத்தில் சந்தித்திருப்போமா? இந்தத் தேநீர், இந்தக் கோப்பு, இந்தப் பேனா இவையெல்லாம் எங்கிருந்து வந்தன? வெளிநாட்டு நிபுணர்கள் எமது கரைகளைத் தேடி வருகிறார்கள். எமது உத்தியோகத்தர்கள் பதினேழு பேர் கடல் கடந்து பயிற்சி பெற்றிருக்கிறார்கள். நான்கு வருடங்களில் இந்தச் செயலகம் ஒரு நாள்கூடப் பின்வாங்கவில்லை. இன்னும் இருபது வருடங்களுக்கும் உங்கள் துயரத்தோடு நாங்கள் இருப்போம் என்று உறுதி கூறுகிறேன்."

எல்லோரும் கைதட்டினார்கள். யாகப்புவும் தட்டினார். மேடையிலிருந்து பேசுகிறவருக்குத் தட்டாமல் இருப்பது மரியாதையில்லை என்பது அவருடைய எண்ணம்.

தேநீர் நேரத்தில் நான் பணிப்பாளரை மறித்தேன். மார்கழிக்கு ஏழு கிழமைதான் இருக்கிறது, ஒரு வரி எழுதித் தாருங்கள் என்று கெஞ்சினேன். அவர் என்னை ஒரு மூலைக்குக் கூட்டிப்போய்த் தோளில் கை போட்டார்.

"நேசையா, மனம் விட்டுச் சொல்லுறன். எண்ணெய் இல்லையெண்டு எழுதினால் செயலகத்தை மூடிப்போடுவாங்கள். நாப்பத்தாறு குடும்பம். எண்ணெய் இருக்கெண்டு எழுதினால், நாலு வருசமா என்ன புடுங்கினியள் எண்டு கொழும்பிலை கேப்பாங்கள். அதாலை எங்கடை நிலைப்பாடு எப்பவும் ஒண்டுதான். எண்ணெய் குறைஞ்சு வருது. முதலாம் வருசமும் குறைஞ்சு வந்தது, இப்பவும் குறைஞ்சு வருது. இதிலை ஆருக்கும் நட்டமில்லை."

"யாகப்புவுக்கு?"

அவர் உண்மையாகவே கொஞ்சம் யோசித்தார். "அவர் இருந்தாத்தானே எங்களுக்கும் வேலை. அவரை நாங்கள் ஒருநாளும் மறக்கமாட்டம்" என்றார்.

பஸ்ஸில் திரும்பி வரும்போது இதை நான் யாகப்புவிடம் சொன்னேன். அவர் செயலகம் கொடுத்த பேனாவைத் திறந்து திறந்து மூடிக்கொண்டு வந்தார். பிறகு, "கிளாக்கரையா, இனிக் கடிதம் எழுத வேண்டாம். நான் வலையைப் போடுறன். அவை நிண்டு பாக்கட்டும்" என்றார்.

நாளும் கிடைத்தது. எண்ணெய் வந்த நாலாம் ஆண்டு நிறைவைச் செயலகம் புளியந்துறைக் கரையிலேயே நினைவுகூரப் போவதாக அறிவித்தது. பந்தல், கதிரைகள், பத்திரிகைக்காரர்கள், மங்கல விளக்கு. விளக்குக்கு எண்ணெய் கொண்டுவர மறந்துவிட்டார்கள். மக்டலீன் வீட்டிலிருந்து நல்லெண்ணெய் எடுத்துவந்து ஊற்றினார். இந்த முறை ஒருவரும் கரையைக் கூட்டவில்லை. நான் வீடு வீடாகப் போய்க் கைகூப்பிக் கேட்டிருந்தேன். ஆனாலும் செயலகத்தார் விடியற்காலையில் ஆட்களைக் கொண்டுவந்து தாங்களே கூட்டிவிட்டார்கள்.

பணிப்பாளர் பேச எழுந்த நேரம், வளைத்துவிட்டு வந்த வள்ளம் கரை தட்டியது. நல்லகாலம், அன்றைக்குக் காற்று விழுந்திருந்தது. யாகப்புவும் பன்னிரண்டு பேரும் பந்தலுக்கு முன்னால் கயிற்றைப் பிடித்தார்கள். நிகழ்ச்சி நிரலில் இல்லாத ஒன்றைக் கண்டு உத்தியோகத்தர்கள் காகிதங்களைப் புரட்டினார்கள். கலை நிகழ்ச்சியாக இருக்கும் என்று நினைத்து யாரோ கைதட்டத் தொடங்கினார்கள்.

மடி கரைக்கு வந்தது. இரண்டு வருடம் வலை விழாத கடல். மீன் கிடந்து பெருகியிருந்தது. சூடை, காரல், பாரை என்று மடி நிறைய மீன். எல்லாம் கறுப்பு. வெள்ளி என்று சொல்ல ஒரு செதில் தெரியவில்லை. மீன்கள் துடிக்கத் துடிக்கக் கட்டிகள் அவற்றில் இன்னும் இன்னும் அப்பிக்கொண்டன. ஒரு பாரை வாயைத் திறந்து திறந்து மூடியது, வாய்க்குள்ளும் கீல். இழுத்தவர்களில் வயதில் மூத்தவர் மணலில் குந்தி முகத்தைப் பொத்திக்கொண்டார். இவ்வளவு மீனை அவர் பத்து வருடமாகக் கண்டதில்லை.

மக்டலீன் ஒரு சூடையை வாலில் பிடித்துத் தூக்கிக்கொண்டு பணிப்பாளரிடம் போனார். "ஐயா, அண்டைக்கு வேறை ஊர் மீன் சாப்பிட்டியள். இது எங்கடை. கொண்டுபோய் வீட்டிலை கறி வைக்கச் சொல்லுங்கோ" என்றார். சத்தமாகச் சொல்லவில்லை. ஆனால் ஒலிவாங்கி பக்கத்தில் இருந்தது.

கமராக்கள் எல்லாம் திரும்பின. பணிப்பாளர் இரண்டு அடி பின்வாங்கினார், சப்பாத்து மடியிலிருந்து விழுந்த ஒரு கட்டியை மிதித்து ஒட்டிக்கொண்டது. நான் விடவில்லை. எட்டு மாதமாகச் சட்டைப் பைக்குள் வைத்துக்கொண்டு திரிந்த தட்டச்சுக் கடிதத்தை அவர் முன்னால் நீட்டினேன். புளியந்துறை கோயிலடிப் பாட்டின் கரையிலும் கடலிலும் எண்ணெய் தொடர்ந்து இருக்கிறது என்பதை இத்தால் உறுதிப்படுத்துகிறேன். ஒரு வரி.

"நான் இல்லையெண்டு ஒருநாளும் சொல்லேல்லையே" என்று கமராக்களைப் பார்த்துச் சொல்லிவிட்டுக் கையெழுத்து வைத்தார். தர்சினி கைப்பையிலிருந்து முத்திரையை எடுத்துக் குத்தினாள்.

யாகப்பு கடிதத்தைத் தொடவில்லை. கையெல்லாம் கீல். "நீ பிடி, நீ பிடி" என்று மக்டலீனிடம் சொன்னார். வலை இனி உதவாது என்று எல்லோருக்கும் தெரிந்தது. அன்றைக்கே அதை எரிக்க வேண்டியதாயிற்று. "வலை போனாப் போகட்டும் கிளாக்கரையா. பாடு இருக்கெல்லோ" என்றார். அந்த மனிதரின் முகத்தில் அப்படி ஒரு வெளிச்சத்தை அதற்கு முன்னும் நான் கண்டதில்லை, பின்னும் காணவில்லை.

பாடுகளுக்கு அனுமதி கொடுக்கிற கந்தோருக்குக் கடிதத்தை நானே கொண்டுபோய்க் கொடுத்தேன். பதினொரு நாளில் பதில் வந்தது. அரசாங்கம் அவ்வளவு வேகமாக வேலை செய்து நான் பார்த்ததில்லை. "மேற்படி செயலகத்தின் உறுதிப்படுத்தலுக்கு நன்றி. எண்ணெய் தொடர்ந்து இருப்பதாக உறுதிப்படுத்தப்பட்ட கரையில் மனித உணவுக்கான மீன்பிடியை அனுமதிக்கச் சட்டத்தில் இடமில்லை. எனவே கோயிலடிப் பாடு இன்று முதல் நிரந்தரமாக மூடப்படுகிறது."

மூன்று தரம் வாசித்துக் காட்டினேன்.

"அப்ப எண்ணெய் இருக்கெண்டு ஒத்துக்கொண்டிட்டினம்" என்றார் யாகப்பு.

"ஓம்."

"அப்ப சரிதானே?"

"இல்லை யாகப்பு."

அந்த வரியை எழுதியவன் நான். முப்பத்தொரு வருடம் கந்தோரில் இருந்தவன். எண்ணெய் இருக்கிறது என்று எழுதாமல், எண்ணெயால் வலை பழுதாகிறது என்று எழுதியிருக்கலாம். அதற்கும் அவர்கள் ஒரு பிரிவு வைத்திருந்திருப்பார்கள் என்று மக்டலீன் சொன்னார். என்னைத் தேற்றத்தான் சொன்னார். இன்றைக்கும் பூசை நேரத்தில்கூட நான் அந்த வரியை மனதுக்குள் திருத்திக்கொண்டுதான் இருக்கிறேன்.

மூடிய பாடு வெறும் நிலமாகக் கிடக்கிறது என்று கண்டு ஒரு விண்ணப்பம் போனது. போட்டது செயலகம். எண்ணெய் நிரந்தரமாக இருப்பது உறுதியாகிவிட்டதால் அதைக் கண்காணிக்க நிரந்தர நிலையம் ஒன்று தேவை என்று கேட்டிருந்தார்கள். உடனே கிடைத்தது. வாடி இருந்த இடத்தில் இப்போது இரண்டு மாடி, முன்பக்கம் வட்டத் தூண்கள், கடலைப் பார்த்த கண்ணாடி. உத்தியோகத்தர்கள் எழுபத்திரண்டு பேர். தங்கள் வாக்குப்படி யாகப்புவையும் மறக்கவில்லை. அவரும் பன்னிரண்டு பேரும் "பாரம்பரியக் கரைவலைச் செயல்விளக்கக் குழு". செவ்வாயும் வெள்ளியும், வெளியூர்க் குழுக்கள் வருகிறபோது இழுத்துக் காட்ட வேண்டும். அவர் மாட்டேன் என்றுதான் சொன்னார். மற்ற வீட்டு அடுப்புகளை யோசித்துப் பிறகு சம்மதித்தார்.

போன வெள்ளிக்கிழமை நானும் பார்க்கப் போனேன். பன்னிரண்டு பேரும் நீலச் சட்டை போட்டிருந்தார்கள், முதுகில் செயலகத்தின் இலச்சினை. எண்ணெய் இருக்கிற கடலுக்குள் இறங்க அனுமதி இல்லை என்பதால் கயிற்றின் மறுநுனியைக் கட்டடத்தின் முன் தூணில் கட்டியிருந்தார்கள். இழுப்பு இறுக்கமாக, உண்மைபோல இருக்க வேண்டுமென்பது பணிப்பாளரின் யோசனை. வந்திருந்த வெளிநாட்டுக்காரருக்கு அவரே ஒலிவாங்கியில் விளக்கம் சொன்னார். பாருங்கள், என்ன ஒற்றுமை, என்ன உழைப்பு. அவர்கள் படம் எடுத்தார்கள், கைதட்டினார்கள், தேநீருக்கு உள்ளே போனார்கள்.

பன்னிரண்டு பேரும் கயிற்றைப் போட்டுவிட்டு நிழலுக்குப் போனார்கள். யாகப்பு மட்டும் போகவில்லை. குதிக்காலை மணலில் ஊன்றி, உடம்பைப் பின்னால் சாய்த்து, தனியாக இழுத்துக்கொண்டு நின்றார். கயிறு விறைத்து நின்றது. தூண் இருந்த இடத்தில் இருந்தது. தர்சினி ஓடிவந்தாள்.

"ஐயா, காணும் ஐயா. படம் எடுத்து முடிஞ்சுது, விடுங்கோ."

அவர் அவளைத் திரும்பிப் பார்க்கவில்லை. அவர் கோபமாகவும் இல்லை. கரையில் நின்று இழுக்கிற எந்த நாளிலும் பேசுவது போலத்தான் பேசினார்.

"மடி இன்னும் கரைக்கு வரேல்லைப் பிள்ளை. மடி வராமல் நாங்கள் கயித்தை விடுறேல்லை."

தர்சினி என்னைப் பார்த்தாள். உள்ளே தேநீர்க் கோப்பைகளின் சத்தம் கேட்டது. அவர் இழுத்துக்கொண்டே நின்றார்.